முப்பத்திரண்டாவது கான்ஸ்டபிள்

வில்ஃப்ரெட் கோப்லி திரையில் முப்பத்தொரு முறை போலீஸ்காரராக வந்திருந்தார். கணக்கு அவருடையது. முப்பது வயதில் கான்ஸ்டபிள், நாற்பதில் சார்ஜென்ட், இரண்டு படங்களில் இன்ஸ்பெக்டர். ஐம்பதைத் தாண்டியதும் மறுபடி கான்ஸ்டபிள்.

"இத்தனை வருஷ சர்வீஸுக்கு அப்புறம் பதவியை இறக்கினது எனக்கு மட்டும்தான்" என்பார். சிரிக்காமல் சொல்வார். கேட்பவர்கள் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பு அவருக்கு எரிச்சல் என்பது எனக்குத் தாமதமாகத்தான் புரிந்தது.

மற்ற நேரங்களில் பாதிரியார், டிக்கெட் பரிசோதகர், தந்தி கொண்டுவரும் பட்லர், கதாநாயகி அழுதுகொண்டே நுழையும் மதுக்கடையின் முதலாளி. தெருவில் அவரைப் பார்ப்பவர்கள் ஒரு கணம் நிற்பார்கள். நடிகர் என்று தெரிந்து அல்ல. எங்கேயோ பார்த்த முகம். "நீங்க பாங்க்ல இருந்தீங்கல்ல?" என்பார்கள். ஒருமுறை பேருந்தில் ஒரு பெண்மணி, தங்கையை விட்டு ஓடிப்போன கணவன் என்று நினைத்து அவரைத் திட்டித் தீர்த்திருக்கிறாள். ஹாமர்ஸ்மித் நிறுத்தம் வரும்வரை பொறுமையாகக் கேட்டுக்கொண்டு, "அவ இப்ப நல்லா இருக்காளா?" என்று விசாரித்துவிட்டு இறங்கிவிட்டார்.

அவர் பிறந்தது லெஸ்டரில். அப்பா காலுறை ஆலையில் குமாஸ்தா. பத்தொன்பது வயதில் வடக்கே ஒரு நாடகக் குழுவில் சேர்ந்தார். வாரம் ஒரு நாடகம். திங்கட்கிழமை ஒன்று அரங்கேறும். செவ்வாய் காலை அடுத்த நாடகத்தின் ஒத்திகை தொடங்கும். இருபத்திமூன்று வயதில் அவருக்குக் கிடைத்ததெல்லாம் கிழவர்கள். முகம் அப்படி. கன்னம் தொங்கி, கண்ணுக்குக் கீழே பை வைத்து, பிறந்ததிலிருந்தே ஏதோ மோசமான செய்தியைக் கேட்டுவிட்ட மாதிரி.

"வயசானா முகத்துக்குப் பொருத்தமா ஆயிடுவே. அப்ப பாரு, வேஷம் குவியும்" என்று குழு முதலாளி ஆறுதல் சொல்லியிருக்கிறார்.

வயதானது. வேஷம் குவியவில்லை.

அதே குழுவில்தான் ஹ்யூபர்ட் லேசியும் இருந்தார். பிற்பாடு நாடே அறிந்த லேசி. ஆறடிக்கு மேல் உயரம், கிணற்றுக்குள்ளிருந்து வரும் குரல். மூன்று வருடம் இருவரும் ஒரே அறையில் தங்கினார்கள். லேசிக்கு வசனம் மனதில் நிற்காது. மேடையில் பாதிப் பேச்சில் மறந்துபோய் அப்படியே நிற்பார். "நான் மறந்து நின்னா முழிக்கிறேன்னு எழுதுவாங்க. அவன் மறந்து நின்னா சிந்திக்கிறான்னு எழுதுவாங்க" என்றார் கோப்லி. இதையும் சிரிக்காமல்தான் சொன்னார்.

கோப்லி எழுத ஆரம்பித்தது படப்பிடிப்புகளில். ஒரு வரி சொல்ல ஒன்பது மணி நேரம் சீருடையோடு உட்கார்ந்திருக்க வேண்டும். மற்ற துணை நடிகர்கள் சீட்டு ஆடினார்கள். இவர் நோட்டுப் புத்தகத்தில் எழுதினார். வானொலிக்கு அரைமணி நேர நாடகங்கள் ஆறு. எல்லாம் ஒலிபரப்பாயின. எல்லாவற்றிலும் வேறு யாரோ நடித்தார்கள். அதைப் பற்றி அவர் குறைப்பட்டுக்கொண்டதில்லை. அவை அவருக்காக எழுதப்பட்டவை அல்ல.

ஏழாவது அவருக்காக எழுதியது.

'உரியவர் வரும்வரை' என்று பெயர். தொலைக்காட்சிக்கு, ஐம்பது நிமிடம். ரயில் நிலையத்தில் தொலைந்த பொருள்களை வைத்திருக்கும் அலுவலகம். அங்கே ட்ரிம்பிள் என்று ஒரு குமாஸ்தா. ஒருநாள் ஒருவர் வந்து தன் குடையைக் கேட்கிறார். அடையாளமெல்லாம் சரியாகச் சொல்கிறார். ட்ரிம்பிள் தரமாட்டேன் என்கிறான். பதினோரு மாதம் ஒரு பொருளைத் தேடி வராதவனுக்கு அது சொந்தமில்லை என்கிறான். குடைக்காரர் போய் ஒரு கான்ஸ்டபிளை அழைத்து வருகிறார். அவ்வளவுதான் கதை. நடுவில் ட்ரிம்பிளுக்கு ஒரு நீளமான பேச்சு. ஜனங்கள் எதையெல்லாம் விட்டுவிட்டுப் போகிறார்கள் என்று. பல்செட்டு, கல்யாண கேக், மரக்கால். "மரக்காலை விட்டுட்டு ஒரு ஆள் எப்படி சார் ரயில்ல இருந்து இறங்கிப் போவான்? ஆனா போயிருக்கான். அவனுக்கு அது தேவைப்படல."

எட்டு மாதம் அவர் குளியலறையில் அந்தப் பேச்சைப் பேசிப் பார்த்ததாக அவர் மனைவி எட்னா சொன்னாள். எங்கே மூச்சு வாங்குவாரோ அங்கே புள்ளி வைத்து எழுதியிருந்தார்.

1966 வசந்தத்தில் தொலைக்காட்சி நிறுவனம் ஒன்று அதை ஏற்றுக்கொண்டது. நான் அங்கே உதவி அரங்க நிர்வாகி. ஒத்திகையில் பிரதியைக் கையில் வைத்துக்கொண்டு, மறப்பவர்களுக்கு வரி எடுத்துக்கொடுப்பதும், நிறுத்துகடிகாரத்தில் நேரம் குறிப்பதும் என் வேலை. இயக்குநர் நைஜல் ஃபென்விக் கோப்லியை மதிய உணவுக்கு அழைத்தார். நைஜலுக்கு அப்போது இருபத்தொன்பது வயது.

அந்தச் சாப்பாட்டைப் பற்றி கோப்லி என்னிடம் பலமுறை சொல்லியிருக்கிறார். ஒவ்வொரு முறையும் முதல் முறை சொல்வதைப் போன்ற கடுப்போடு.

மீன் வந்து பாதி தின்றாயிற்று. நைஜல் கேட்டிருக்கிறார்: "ட்ரிம்பிள் வேஷத்துக்கு உங்க மனசுல யாராவது இருக்காங்களா?"

கோப்லி முள்கரண்டியைக் கீழே வைத்தார். எட்டு மாதமாகக் காத்திருந்த கேள்வி.

"நான் என்னத்தைச் சொல்றது? அது உங்க பாடு. ஹ்யூபர்ட் லேசி மாதிரி ஒருத்தர் கிடைச்சா நல்லாத்தான் இருக்கும். ஆனா அவரெல்லாம் எங்க வரப்போறாரு."

தட்டில் கடைசி பிஸ்கட் கிடந்தால் நாம் என்ன செய்வோம்? 'நீங்க எடுத்துக்குங்க' என்போம். எதிரே இருப்பவர் 'ஐயோ, நீங்க எடுங்க' என்பார். இரண்டு முறை தள்ளிய பிறகு, யாருக்கு அது வேண்டுமோ அவர் சலித்துக்கொள்வதைப் போல எடுத்துக்கொள்வார். கோப்லி வளர்ந்த வீட்டில் பிஸ்கட்டிலிருந்து வேலைவரை எல்லாம் இப்படித்தான் கைமாறியது. இப்போது நைஜல் சொல்ல வேண்டியது: 'லேசி எதுக்கு, நீங்களே பண்ணலாமே?' அதற்கு கோப்லி 'சேச்சே, நானா?' என்பார். நைஜல் வற்புறுத்துவார். காப்பி வருவதற்குள் ஒத்துக்கொண்டுவிடலாம்.

நைஜல் முதல் தடவையிலேயே பிஸ்கட்டை எடுத்துக்கொள்கிற தலைமுறை.

"லேசி! பிரமாதம். எனக்குத் தோணவே இல்ல பாருங்க. உங்களுக்கு அவரைத் தெரியுமா?"

"மூணு வருஷம் ஒரே ரூம்ல இருந்தோம்."

"அப்ப நீங்களே ஒரு போன் போட்டுச் சொல்லிடுங்களேன். நீங்க சொன்னா தட்ட மாட்டாரு."

கோப்லி போன் போட்டார். லேசி தட்டவில்லை.

அன்று மாலை எட்னா சமையலறையில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டே கேட்டதை எட்னாவே எனக்குச் சொன்னாள்.

"நான்தான் பண்ணணும்னு ஆசைன்னு வாயைத் திறந்து சொன்னா என்ன?"

"அப்படியெல்லாம் கேக்க முடியாது எட்னா."

"ஏன்? மாட்டேன்னு சொல்லிடுவான்னா?"

"சரின்னு சொல்லிடுவான். அப்புறம் நான் கேட்டதாலதான் குடுத்தான்னு ஆயிடும்."

"குடுத்தா போதாதா?"

"போதாது."

"அப்ப லேசிக்கு நீ கேட்டதாலதானே குடுத்தான்? அவன் தூங்காமலா கிடக்கான்?"

கோப்லி எழுந்து தோட்டத்துக்குப் போய்விட்டார். மழை பெய்துகொண்டிருந்தது.

பத்து நாளில் அவருடைய ஏஜெண்ட் மைரா அழைத்தாள். "உங்க நாடகத்துல உங்களுக்கு ஒரு வேஷம் வந்திருக்கு வில்ஃப். அவங்களா யோசிச்சுக் கேட்டிருக்காங்க. உங்களைக் கௌரவிக்கணும்னு நினைக்கிறாங்க."

"எது?"

"கான்ஸ்டபிள்."

சரி என்றார். வேறு என்ன சொல்வார்? ஒரு காட்சி. குடைக்காரரோடு உள்ளே வருவார், இரண்டு பக்கமும் கேட்பார், தலையைச் சொறிவார், போவார். இந்த வேஷத்தை எழுதும்போது யாரை மனதில் வைத்து எழுதினீர்கள் என்று ஒருநாள் கேட்டேன். "யாரையும் இல்ல. வேலையில்லாம இருக்கிற எவனாவது வந்து பண்ணிட்டுப் போவான்னு நினைச்சேன்" என்றார்.

ஒத்திகை ஒரு தேவாலயத்தின் கூடத்தில். தரையில் வண்ண நாடா ஒட்டி வைத்திருந்தேன். நீலம் சுவர், சிவப்பு கதவு, மஞ்சள் கவுண்டர். முதல் நாள் லேசி வரவில்லை. ஸ்பெயினில் படப்பிடிப்பு, விமானம் கிடைக்கவில்லை. நடிகர் வராவிட்டால் அவர் பகுதியை எழுத்தாளரே படிப்பது வழக்கம். நைஜல், "மிஸ்டர் கோப்லி, சும்மா ஒப்புக்கு, நீங்க ட்ரிம்பிளைப் படிச்சிடுறீங்களா?" என்றார்.

பிரதியை மேசைமேல் மூடி வைத்துவிட்டு கோப்லி பேச ஆரம்பித்தார்.

நான் நிறைய ஒத்திகை பார்த்தவள். அன்று மரக்கால் வந்த இடத்தில் யாரும் சிரிக்கவில்லை. கூடத்தின் கோடியில் டீ போடும் அம்மாள் கோப்பைகளை அடுக்குவதை நிறுத்திவிட்டு நின்றாள். குடைக்காரராக நடித்த இளைஞர் தன் வரியைத் தவறவிட்டார். நானும் எடுத்துக்கொடுக்க மறந்தேன். முடிந்தபோது கடிகாரத்தை அழுத்தினேன். நாற்பத்தொன்பது நிமிடம், நாற்பது விநாடி.

"ரொம்ப நல்லாப் படிச்சீங்க" என்றார் நைஜல். "ரொம்பத் தெளிவா இருந்துச்சு."

"தெளிவா!" என்றார் கோப்லி என்னிடம், கோட்டை மாட்டிக்கொண்டே. "அது என்ன ரயில்வே அறிவிப்பா?"

லேசி மறுநாளும் வரவில்லை. அன்றும் இவரே படித்தார். மூன்றாம் நாள் காலை ஒரு மணி நேரம் முன்னதாக வந்தார். சவரம் செய்து, நல்ல டையாகக் கட்டியிருந்தார். நைஜலிடம் நேரடியாகக் கேட்டுவிடப் போவதாகச் சொன்னார். லேசியால் வர முடியாமல் போனால், என்று தொடங்க வேண்டும். அது மரியாதையாகவும் இருக்கும். என்னிடம் இரண்டு தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டார்.

நைஜல் வந்தார். கோப்லி அருகே போய் நின்றார்.

"நைஜல், ஒரு நிமிஷம்..."

"நானே உங்ககிட்ட வரணும்னு இருந்தேன். லேசி வந்து இறங்கிட்டாரு. இப்பத்தான் போன் பண்ணாரு. எல்லாம் உங்க புண்ணியம் மிஸ்டர் கோப்லி. நீங்க ஏதோ சொல்ல வந்தீங்களே?"

"ஒண்ணுமில்ல. டீ ஆயிடுச்சான்னு கேக்க வந்தேன்."

லேசி பத்தரைக்கு வந்தார். வெயிலில் சிவந்திருந்தார். கோப்லியைக் கட்டிக்கொண்டார். "என்னய்யா எழுதியிருக்கே! விமானத்துல படிச்சு அழுதுட்டேன்." நீல நாடாவை மிதித்துக்கொண்டு சுவருக்கு ஊடாக நடந்து கவுண்டருக்குப் போனார். "செல்லம், நான் எங்க நின்னாலும் நீ என்கூட இருக்கணும். எனக்கு ஒரு எழவும் மனசுல நிக்காது" என்றார் என்னிடம்.

நிற்கவில்லைதான். இரண்டு வாரமும் ஒவ்வொரு பக்கத்திலும் நின்றார். கூரையைப் பார்த்தார். உதட்டைத் தடவினார். நான் வரியை எடுத்துக்கொடுப்பேன். அதை அப்போதுதான் கண்டுபிடித்தவர்போலச் சொல்வார். கோப்லி சிவப்பு நாடாவுக்கு வெளியே, தன் நுழைவுக்காகக் காத்துக்கொண்டு, ட்ரிம்பிளின் வசனத்தை உதடு அசையாமல் கூடவே சொல்லிக்கொண்டிருப்பார். பக்கத்தில் நின்றால் மூச்சு கேட்கும்.

ஸ்டூடியோவுக்குப் போவதற்கு இரண்டு நாள் முன்பு, நாடகத்தை எங்கும் நிறுத்தாமல் ஒரு முழு ஓட்டம். ஐம்பத்திரண்டு நிமிடம், பத்து விநாடி. இரண்டு நிமிடத்துக்கு மேல் அதிகம். ஒளிபரப்பில் ஒரு விநாடி கூட்டித் தரமாட்டார்கள். நான் நைஜலிடம் இரண்டு தாள்களையும் காட்டினேன். கோப்லி படித்தபோது குறித்தது, இப்போது குறித்தது. வசனத்தில் ஒரு வார்த்தை மாறவில்லை. கூடியதெல்லாம் லேசி சும்மா நின்ற நேரம்.

"லேசியோட மௌனத்தை வெட்ட முடியாது. அதுக்குத்தானே அவரைப் போட்டிருக்கோம்?" என்றார் நைஜல். பிறகு கோப்லியை அழைத்தார். "ரெண்டு நிமிஷம் எடுக்கணும். எதை எடுக்கணும்னு நீங்கதான் முடிவு பண்ணணும். எழுதினவர் நீங்க. நாங்க கை வைக்க மாட்டோம்."

லேசி தோளில் கை போட்டார். "என் நீளப் பேச்சைத் தூக்கிடுய்யா. மரக்கால், பல்செட்டு எல்லாம். எனக்கும் அது மண்டையில ஏறல. சரியா ரெண்டு நிமிஷம் வரும். எனக்கும் நிம்மதி, உனக்கும் நிம்மதி."

கோப்லியும் நானும் பாதிரியார் அங்கி மாட்டும் சிறிய அறையில் போய் உட்கார்ந்தோம். பென்சிலை எடுத்து வைத்துக்கொண்டார். முதல் பக்கத்திலிருந்து புரட்டினார். அங்கே ஒரு வரி, இங்கே அரை வரி. கூட்டிப் பார்த்தால் இருபது விநாடி.

"கான்ஸ்டபிள் காட்சி எவ்வளவு?"

"ரெண்டு நிமிஷம் பதினைஞ்சு விநாடி."

"பேச்சை எடுத்தா, குடையை ஏன் தரமாட்டேங்கிறான்னு யாருக்கும் விளங்காது. பைத்தியம்னு நினைப்பாங்க."

நான் நேரம் குறித்த தாளைப் பார்த்தேன்.

"கான்ஸ்டபிளை எடுத்தா?"

"குடைக்காரர் மட்டும் திரும்பி வரணும்" என்றேன்.

"வெளிய கான்ஸ்டபிள் நிக்கிறாருன்னு அவரே சொல்லிக்கலாம்." அந்த வரியை ஓரத்தில் எழுதினார். எழுதிவிட்டு என்னைப் பார்த்தார். "நீ என்ன சொல்றே?"

அவர் என்னிடம் கணக்குக் கேட்கவில்லை. 'வேண்டாம் மிஸ்டர் கோப்லி, அதை எடுக்காதீங்க' என்று நான் சொல்ல வேண்டிய இடம் அது. இரண்டு முறை சொல்ல வேண்டும். நானும் அந்த மாதிரி வீட்டில் வளர்ந்தவள்தான். ஆனால் என் கண் கடிகாரத்தில் இருந்தது.

"சரியா வருது. அஞ்சு விநாடி மிச்சம்கூட இருக்கு" என்றேன்.

அவர் மூன்று பக்கங்களின் குறுக்கே கோடு போட்டார். அழுத்திப் போட்டார், அடுத்த தாளிலும் பதிந்தது.

"முப்பத்தொரு தடவை கதவைத் திறந்து உள்ள வந்தேன்" என்றார். "இந்தத் தடவை கதவுக்கு வெளியவே நிக்க வேண்டியதுதான். அவன் மறந்து நிக்கிறதுக்கு இடம் பத்தல பாரு. அதுக்கு நான் இடத்தைக் காலி பண்ணணும்."

நைஜல் மிகவும் சங்கடப்பட்டார். "உங்களுக்கு வருத்தம் ஒண்ணுமில்லையே?"

"சேச்சே. ஒண்ணுமே இல்ல."

"நல்லவேளை" என்றார் நைஜல். உண்மையாகவே நம்பினார்.

பதிவு நடந்தது. லேசி நன்றாகத்தான் செய்தார். அதுதான் கோப்லியால் தாங்க முடியாதது. பல்செட்டு வந்த இடத்தில் வரி தொலைந்துபோய் நின்றார். நான் ஒலியை நிறுத்தி வரி கொடுப்பதற்காகப் பொத்தானில் விரல் வைத்தேன். அதற்குள் அவருக்கே கிடைத்துவிட்டது. ஒளிபரப்பான மறுவாரம் இரண்டு பத்திரிகைகள் அந்த இடத்தைக் குறிப்பிட்டு எழுதின. ஒரு பத்திரிகை கடைசி வரியில் எழுத்தாளர் பெயரையும் போட்டிருந்தது.

நிகழ்ச்சிகளை அச்சிடும் வாரப் பத்திரிகை ஒளிபரப்புக்கு மூன்று வாரம் முன்பே அச்சுக்குப் போய்விட்டது. அதில் நடிகர் பட்டியலின் கடைசியில், கான்ஸ்டபிள்: வில்ஃப்ரெட் கோப்லி என்று இருந்தது.

ஒளிபரப்புக்கு அடுத்து வந்த சனிக்கிழமை காலை எட்னாவும் அவரும் இறைச்சிக் கடைக்குப் போனார்கள். வரிசையில் ஆறேழு பேர். கடைக்காரரின் பெயர் பின்னக். கத்தியைத் துடைத்துக்கொண்டே சத்தமாகச் சொன்னார்.

"பார்த்தோம் மிஸ்டர் கோப்லி! டிவியில பார்த்தோம். 'அதோ நம்ம கோப்லி'ன்னு என் வீட்டுக்காரி கத்துறா. அசல் போலீஸ்தான் போங்க."

வரிசை முழுவதும் திரும்பியது.

"நான் அதுல வரல" என்றார் கோப்லி.

"வரலையா! கேட்டீங்களா இவரு சொல்றதை."

"அந்தக் காட்சியை எடுத்துட்டாங்க. எடுத்தது நான்தான். அந்த நாடகத்தை எழுதினதே நான்."

பின்னக் மற்றவர்களைப் பார்த்துக் கண்ணடித்தார். "எப்பவும் இப்படித்தான். பதினஞ்சு வருஷமாப் பாக்கிறேன், தன்னைப் பத்தி ஒரு வார்த்தை பெருமையாப் பேசமாட்டாரு."

வரிசையில் நின்ற ஒரு அம்மாள், பச்சைத் தொப்பி போட்டவள், கோப்லியின் கையைத் தொட்டாள். "கூச்சப்படாதீங்க. ரொம்ப நல்லா இருந்துச்சு. உள்ள வந்ததும் ஹெல்மெட்டைக் கழட்டி இப்படிக் கையில பிடிச்சுக்கிட்டீங்களே, அது ரொம்பப் பிடிச்சிருந்துச்சு எனக்கு."

"நான் அதுல இல்லம்மா! இல்லவே இல்ல! எத்தனை தடவை சொல்றது?"

முப்பது வருடத்தில் அந்தக் குரலை வீட்டில்கூடக் கேட்டதில்லை என்றாள் எட்னா. வரிசையில் யாரோ இருமினார்கள். ஒருவர் தன் காலணியைப் பார்த்தார். பச்சைத் தொப்பி அம்மாள் கையை எடுத்துக்கொண்டாள்.

"கிட்னி நாலு போடட்டுமா?" என்றார் பின்னக்.

"போடுங்க" என்றார் கோப்லி. பிறகு அந்த அம்மாளிடம் திரும்பி, "மன்னிச்சுக்குங்க" என்றார்.

"அதனாலென்ன. உங்க வேலையில களைப்பு இருக்கத்தானே செய்யும்."

வெளியே வந்து, பால் கடை தாண்டி, தபால் பெட்டி தாண்டி, அவர் நடந்துகொண்டே இருந்தார். தங்கள் தெரு முனையில் திரும்பும்போதுதான் நின்றார்.

"அந்த அம்மா சொன்னது சரி" என்றார். "ஹெல்மெட்டைக் கழட்டிக் கையிலதான் பிடிச்சிருக்கணும். நான் ஒத்திகையில எல்லாம் தலையிலேயே வச்சிருந்தேன்."